ஒத்திகைக்கு அழுத ஒப்பாரி

பலெர்மோவில் நான் வேலை செய்த வீட்டுக்கார அம்மா, எங்கள் வாயில் சிக்னோரா, தன் வீட்டில் ஒரு ரஷ்ய இயக்குனருக்கு அறை வாடகைக்கு விட்டிருந்தாள். வீடு துடைப்பவள் நான் என்பதால் அவருடைய சிகரெட் சாம்பலும் பெருமைகளும் என் தலையில்தான் விழுந்தன. முப்பது வருடமாகச் சரித்திரப் படம் எடுத்தவராம். யுத்தக் காட்சி என்றால் அரசாங்கமே பட்டாளத்தை அனுப்பிவைக்குமாம். நாடு உடைந்த பிறகு ஒரு குதிரை கொடுக்கக்கூட ஆளில்லை. அதனால் இத்தாலியத் தொலைக்காட்சிக்காகப் பலெர்மோவின் பழைய அரசன் ஒருவனைப் பற்றித் தொடர் எடுக்க வந்திருந்தார். ஒருமுறை நடிகை ஒருத்தியிடம், அவளுடைய தாய் இறந்துவிட்டதாகப் பொய் சொல்லி அழவைத்தாராம். கெட்டிக்காரன்தான் என்று நானும் சிரித்தேன். என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

அரசன் செத்ததும் அழுகிற அரண்மனைப் பெண்களாக நடிக்க எங்கள் நிறத்தில் ஆட்கள் வேண்டும் என்றார். நாங்கள் குடியிருந்த சீசா என்ற பகுதியில், எங்கள் யாழ்ப்பாணத்துச் சனத்தில் எட்டுப் பெண்களைச் சேர்த்துக் கொடுத்தேன். உங்கள் ஊர்ச் செத்தவீட்டில் எப்படி அழுவீர்கள் என்று படப்பிடிப்பு மண்டபத்தில் வைத்துக் கேட்டார். நெஞ்சில் அடித்து ஒப்பாரி சொல்வோம் என்றேன். அப்படியானால் நீ சொல் என்றார். மாட்டேன் என்றேன்.

காரணம் என் அண்ணா. யாழ்ப்பாணத்தில் அவரைப் பிடித்துக்கொண்டு போய் ஐந்து வருடம் ஆகியிருந்தது. உயிரோடு இருக்கிறாரா என்றே தெரியாது. அவருடைய மனைவி, என் மச்சாள், சீசாவில் என்னோடு ஒரே அறையில் இருந்தாள். பொட்டு வைக்காமல் ஒரு நாளும் வேலைக்குப் போகமாட்டாள். அப்படி ஒருத்தி காத்திருக்கும்போது ஒப்பாரி வாயில் வரலாமா? எனக்குத் தெரிந்த அரைகுறை இத்தாலிய மொழியில் இதையெல்லாம் இயக்குனருக்குச் சொன்னேன். படம் பிடிக்க மாட்டோம், மற்றப் பெண்களுக்குப் பழக்கிவிட்டால் போதும், இது வெறும் ஒத்திகை என்று என் கையைப் பிடித்துச் சொன்னார்.

நம்பினேன். முதல் வரி சும்மாதான் வந்தது. இரண்டாவது வரியில் அண்ணாவின் பெயர் வந்துவிட்டது. பிறகு என்னால் நிறுத்த முடியவில்லை. ஐந்து வருடம் அடக்கிவைத்ததெல்லாம் கொட்ட, நிலத்தில் விழுந்து அழுதேன். அவர் என்னைத் தூக்கிவிட்டு நெற்றியில் முத்தமிட்டார். தூணுக்குப் பின்னால் கமரா ஓடியது எனக்குத் தெரியாது.

அடுத்த வருடம் தொடர் ஒளிபரப்பான அன்று எங்கள் சனம் முழுக்க எங்கள் அறையில். வடைகூடச் சுட்டிருந்தோம். மச்சாள் எல்லாருக்கும் முன்னால் இருந்தாள். எட்டுப் பெண்களும் வருவார்கள் என்று பார்த்தால், திரை நிறைய என் முகம். எவனோ ஒரு ராஜாவின் பிணத்துக்காக என் அண்ணாவின் பெயரைச் சொல்லித் தமிழில் கதறிக்கொண்டிருந்தேன். அறுவான்! அந்த நேரம் அவன் என் கையில் அகப்பட்டிருந்தால் கிழித்திருப்பேன்.

மச்சாள் கடைசிவரை பார்த்தாள். எல்லாரும் போன பிறகு மெதுவாகக் கேட்டாள்.

"உமக்கு எப்ப செய்தி வந்தது? ஏன் எனக்கு மறைச்சனீர்?"

"ஐயோ மச்சாள், ஒரு செய்தியும் வரேல்லை. ஒத்திகை எண்டு ஏமாத்திப் படம் பிடிச்சவன்."

"செய்தி வராமல் ஆரும் அப்பிடி அழுவினமோ?"

சாமிப் படத்தில் கை வைத்துச் சத்தியம் செய்தேன். அவள் நம்பவில்லை. மறுநாள் காலை வழக்கம்போலக் கண்ணாடிக்கு முன்னால் நின்று தலை வாரினாள். பொட்டு வைக்காமல் வேலைக்குப் போனாள்.