கிணற்றில் விழுந்த மாடு

சேக் தாவூதுக்குத் தன் நிழல் மேலேயே நம்பிக்கை கிடையாது. இளையான்குடியில் பிறந்து, அமெரிக்காவில் இர்விங்கில் சாஃப்ட்வேர் டெஸ்டிங் வேலை. அடுத்தவன் செய்ததில் தப்பு கண்டுபிடிப்பதுதான் பிழைப்பு. இரட்டைக் கோபுரம் விழுந்த பிறகு அந்தக் குணம் வீட்டுக்குள்ளும் வந்து சம்மணம் போட்டு உட்கார்ந்துகொண்டது. கிரீன் கார்டு இன்னும் வரவில்லை. எவனாவது போலீசுக்கு ஒரு போன் போட்டால் எல்லாம் போச்சு என்று பயந்து செத்தான்.

ஆனால் வீட்டு வாசலில் பழைய சாமான் விற்கும் கராஜ் சேல் என்றால் மட்டும் கார் தானாக நின்றுவிடும். அப்படி வாங்கி வந்ததுதான் பழைய புரொஜெக்டரும், தகர டப்பாவில் ஒரு ஃபிலிம் சுருளும். ஊமைப்படக் காலத்து கார்ட்டூன். ஓர் அமெரிக்கக் கிராமத்தில் மாடு கிணற்றில் விழுந்துவிடுகிறது. கொல்லர், பாதிரியார், கோழி, பன்றி எல்லாம் கயிற்றைப் பிடித்து இழுக்கின்றன.

சனிக்கிழமை மக்ரிபு தொழுதுவிட்டு, பால்கனிக் கண்ணாடிக் கதவில் வெள்ளை பெட்ஷீட்டைத் தொங்கவிட்டான். திரைக்குத் திரையும் ஆச்சு, வெளியே எதுவும் தெரியாது என்று கணக்கு. மாடு பாதிக் கிணறு ஏறும்போது கீழே யாரோ சிரித்தார்கள். ஷீட்டை விலக்கிப் பார்த்தான். கீழ்வீட்டுப் பிச்சுமணி பார்க்கிங்கில் கையைக் கட்டிக்கொண்டு இங்கேயே பார்த்தபடி நின்றார். பட்டென்று மெஷினை நிறுத்தினான்.

"அந்த ஆளு நம்மள வாட்ச் பண்றான்."

"உங்களுக்கு ஊரே வாட்ச் பண்ற மாதிரிதான் தெரியும்," என்றாள் மனைவி முனவ்வரா.

அடுத்த சனிக்கிழமையும் மாடு பாதி ஏறியபோது எட்டிப் பார்த்தான். அதே இடம், அதே ஆள். கூடவே அவர் மனைவி ருக்மிணி. சாட்சிக்கு ஆள் சேர்க்கிறார் என்று முடிவே கட்டிவிட்டான். மெஷினை நிறுத்தி, சுருளை டப்பாவோடு கொண்டுபோய்ப் பொதுக் குப்பைத் தொட்டியில் போட்டான். திங்கட்கிழமை லாரி வந்து அள்ளிக்கொண்டு போயிற்று.

மறு சனிக்கிழமை சாயங்காலம் பார்க்கிங்கில் பிச்சுமணியே வழிமறித்தார்.

"என்ன சார், இன்னிக்குப் படம் உண்டோல்லியோ? சேர் எல்லாம் போட்டாச்சு."

"எ... என்ன படம்?"

"உங்க ஷீட்ல ஓடறது இந்தப் பக்கம் பளிச்னு தெரியறதே! ரெண்டு வாரமா மாடு மேல வர நேரத்துல டக்னு நிறுத்திடறேள். ருக்மிணி நச்சரிச்சுண்டே இருக்கா. அது வந்துதா, இல்லியா?"

இரண்டு மடக்கு நாற்காலிகள் இவன் பால்கனியைப் பார்த்தபடி இருந்தன. ஒன்றில் ருக்மிணி, மடியில் முறுக்கு டப்பாவுடன். தாவூதுக்கு அவமானத்தில் முகம் எரிந்தது. முடிவை அவனும் பார்த்ததில்லை. இனி யாரும் பார்க்கப்போவதுமில்லை.

"வந்துடுச்சு சார்," என்றான். "ஊரே சேர்ந்து இழுத்துச்சுல்ல."