திரையோரத்தில் பீஸ்கே

பெர்லினில் எங்கள் பேட்டையில் இருந்த லேனிக் அம்மாளின் சினிமாக் கொட்டகையில் பீஸ்கே கதை சொன்ன காலத்தில் படங்களுக்கு வாய் கிடையாது. அந்தக் குறையை அவர் ஒருவரே தீர்த்துவைத்தார். திரையோரம் நின்று, யார் யாரைக் காதலிக்கிறார்கள், யார் யாருக்குக் குழி பறிக்கிறார்கள் என்று விளக்குவார். படத்தில் ஒரு வேலைக்காரி செத்துப்போவாள். முன்வரிசையில் கசாப்புக்கடைக்காரர் மனைவி தேம்பினால், அவளுக்கு வெறும் மயக்கம்தான் என்று பிழைக்க வைத்துவிடுவார். ஆபரேட்டரும் அவளைப் புதைக்கிற கடைசிச் சுருளை ஓட்டமாட்டார். பியானோக்காரனான நான் அவசர அவசரமாகக் கல்யாண மெட்டுக்குத் தாவுவேன்.

பேசும் படம் வந்து எங்கள் பிழைப்பில் மண்ணைப் போட்டது. நான் டிக்கெட் கிழிக்கப் போனேன். பீஸ்கே டிக்கெட் வாங்கி உட்கார்ந்து, திரையில் பேசுகிறவர்களை மிஞ்சிப் பேசினார், வெளியே தள்ளினார்கள். அந்தக் காலத்தில் படம் அடக்க ஒடுக்கமாக இருந்தது என்று பீர்க்கடையில் புலம்புவார். அவர் அடங்கி இருந்ததாக எனக்கு ஞாபகமில்லை.

கூட்டம் குறைந்த ஒரு குளிர்காலத்தில் லேனிக் அம்மாளுக்குப் பொற்காலத்தின் மேல் திடீர்ப் பாசம் பொங்கியது. புதன்கிழமை அந்தப் பழைய வேலைக்காரி படம். கூட்டம் வந்தால் வாராவாரம் திரையோரம் உங்களுக்குத்தான் என்றாள். பீஸ்கேவுக்கு அந்த இடம்தான் உயிர். பழைய கோட்டைத் தேய்த்துப் போட்டுக்கொண்டு வந்தார்; நானும் மறுபடி பியானோ முன்னால் உட்கார்ந்தேன்.

கொட்டகை நிறைந்தது. பழைய நாளை நினைத்து உருக வந்த ஜனம் முதல் முத்தத்துக்கே கெக்கலி கொட்டியது. பீஸ்கே குரலை உயர்த்தினார், சிரிப்பும் உயர்ந்தது. வேலைக்காரி கண்ணை மூடியதும் அவருக்கு நிஜமாகவே அழுகை வந்துவிட்டது. அழுதுகொண்டே, "இவ சாகல, மயக்கந்தான்" என்றார். புது ஆபரேட்டருக்கு எங்கள் ஏற்பாடு தெரியாது, கடைசிச் சுருளையும் ஓட்டிவிட்டார். திரையில் அவளைக் குழிக்குள் இறக்கினார்கள். கொட்டகையே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. எனக்கு அவமானம் தாங்கவில்லை, பியானோவை மூடிவிட்டேன்.

படம் முடிந்ததும் லேனிக் அம்மாள் ஓடிவந்து அவர் கையைப் பிடித்துக் குலுக்கினாள். "அந்த அழுகைய மட்டும் விட்டுடாதீங்க, பீஸ்கே. அடுத்த வாரம் உங்க மூஞ்சி மேலயே ஒரு விளக்கு போடறேன்."

அவர் மனைவி ஹெட்விக் சட்டைக் கையைப் பிடித்து இழுத்தாள். "வேணாம், வீட்டுக்கு வாங்க. அவங்க உங்களப் பாத்துதான் சிரிக்கிறாங்க."

"இத்தனை வருஷம் எல்லாரும் படத்ததான் பாத்தாங்க, ஹெட்விக்" என்றார் பீஸ்கே. பிறகு லேனிக் அம்மாள் பக்கம் திரும்பி, விளக்கு எந்தப் பக்கத்திலிருந்து வரும் என்று கேட்டார்.