செவ்வாய்க்குக் காந்தம் இல்லை

காற்றடைத்த கூடாரத்துக்குள் ஆட்களைக் குனிந்து வரச் சொல்லி, இருட்டில் கோள்களைக் காட்டிப் பிழைப்பது என் தொழில். ஊருக்கு அறிவியல் சொல்லப் புறப்பட்ட சகபாவிகளே, உங்களுக்குத் தெரியாததா? உள்ளே இருக்கும்வரை வாயைப் பிளந்துகொண்டு கேட்பார்கள், வெளியே வந்ததும் நம் வாயை அடைப்பார்கள். கோள்கள், நிலவுகள், நட்சத்திரங்களின் காந்தப்புலம் பற்றி ஒரு காட்சி தயாரித்து நெய்வேலியில் போட்டேன். பேசுவது நான். புரொஜெக்டரை இயக்குவது பக்கத்து ஊரான வடக்குத்தைச் சேர்ந்த பெண் கலைச்செல்வி.

கட்டில் போட்ட திசை

பூமியின் வயிற்றில் உருகிய இரும்பு புரண்டுகொண்டே இருக்கிறது, அதனால்தான் பூமி ஒரு காந்தம் என்று சொன்னேன். காட்சி முடிந்ததும் டவுன்ஷிப்காரர் ஒருவர் என்னை ஓரங்கட்டினார். வடக்கே தலை வைத்துப் படுத்தால் அந்தக் காந்தம் ரத்தத்தை இழுக்குமாமே என்றார். இழுக்காது என்று தொண்டை வறள விளக்கினேன். அவருடைய குவார்ட்டர்ஸில் கட்டிலை ஒரே வாக்கில்தான் போட முடியுமாம், தலைமாடு வடக்கேதான் வருமாம்.

"அதெல்லாம் சரி சார். பூமியோட காந்தம் எப்பவாவது தலைகீழா மாறும்னீங்களே, அதுவரைக்கும் காத்திருக்கட்டுமா, இல்ல வேற பிளாக்குக்கு எழுதிப் போடட்டுமா?"

யார் பார்த்துக்கொள்கிறார்கள்?

நிலக்கரி போகும் கன்வேயருக்கு மேலே, இரும்புத் துண்டுகளைப் பொறுக்கி எடுக்க ஒரு பெரிய காந்தம் தொங்கும். மைன்ஸில் அந்தக் காந்தத்தோடு மல்லுக்கட்டி ஓய்வு பெற்ற ஒருவர் வந்திருந்தார். காந்த விண்மீன் என்று ஒரு வகை உண்டு, உலகத்துக் காந்தங்களை எல்லாம் சேர்த்தாலும் அதன் பக்கத்தில் நிற்காது என்றேன். அதற்கு மெயின்டெனன்ஸ் யார் என்றார். யாரும் இல்லை ஐயா, சில ஆயிரம் வருடங்களில் அதுவே பலம் குறைந்து அடங்கிவிடும் என்றேன்.

"அப்படின்னா அது கான்ட்ராக்ட்தான். பர்மனென்ட் இல்ல."

வியாழன் வீட்டு மருமகள்

வியாழனின் காந்தப்புலம் பிரம்மாண்டமானது. அதற்குள்ளேயே சுற்றும் கனிமீடு என்ற நிலவுக்கு மட்டும் சொந்தமாக ஒரு காந்தப்புலம் உண்டு. நிலவுகளில் வேறெதற்கும் இப்படி இருப்பதாகத் தெரியவில்லை. மந்தாரக்குப்பத்தில் இதைச் சொன்னபோது, மாமியாருக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஒரு பெண் இருட்டு தந்த தைரியத்தில் சொன்னாள்:

"மாமனார் வூட்டுக்குள்ளயே இருந்துகினு தனிக்குடித்தனம் பண்ணுதுங்க. கெட்டிக்காரப் பொண்ணு."

சம்பந்தி பார்த்த காட்சி

கலைச்செல்விக்கு ஒரு வரன் வந்திருந்தது. பையன் செந்தில், மைன்ஸில் வேலை. அவளுக்கு அவனைப் பிடித்திருந்தது, அவனுக்கும்தான். அவள் ஜாதகத்தில் செவ்வாய் தோஷம் என்று பையனின் அப்பா மட்டும் முட்டுக்கட்டை போட்டார். செவ்வாயின் காந்த சக்தி பையன் உயிருக்கு ஆகாதாம். எனக்கு எரிச்சலாக வந்தது. அப்பாவையும் பையனையும் காட்சிக்கு அழைத்து முன்வரிசையில் உட்கார வைத்தேன்.

கலை செவ்வாயைக் கொண்டுவந்து நிறுத்தினாள். செவ்வாய்க்கு ஒரு காலத்தில் காந்தப்புலம் இருந்தது, அது செத்துப் பல கோடி வருடங்கள் ஆகின்றன, பாறைகளில் மட்டும் அங்கங்கே மிச்சம் ஒட்டிக்கொண்டிருக்கிறது என்று அடித்துச் சொன்னேன். அந்த வேகத்தில் சனியையும் விடவில்லை. பூமியின் காந்த அச்சு அது சுழலும் அச்சிலிருந்து சாய்ந்திருக்கிறது, சனியுடையது கொஞ்சமும் சாயாமல் நேராக நிற்கிறது என்றேன்.

வெளியே வந்ததும் பெரியவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். செவ்வாய் பயம் விட்டுப்போச்சு சார் என்றார். கலையின் முகம் மலர்ந்தது. அவர் என் கையை விடவில்லை. சனிதான் சாயாமல் நிற்கிறாரே, பையனுக்கு ஏழரை வேறு நடக்கிறது, அது முடியட்டும் என்றார். செந்தில் அப்பாவின் முகத்தைப் பார்த்தான், பிறகு தன் செருப்பைப் பார்த்தான். எனக்கு அழுகையே வந்துவிட்டது. கலை அழவில்லை. புரொஜெக்டரைப் பெட்டிக்குள் வைத்து மூடினாள்.

"ஏழரை முடியட்டும் மாமா, உங்க புள்ளைக்கு அதுக்குள்ள பேச்சு வந்தா சொல்லி அனுப்புங்க, எனக்குக் கல்யாணம் ஆவாம இருந்தா பார்க்கலாம்."

அன்றிலிருந்து எந்த ஊரிலும் சனி பக்கம் போகாமல் செவ்வாயோடு காட்சியை முடித்துக்கொள்கிறேன், அறிவியலை முழுசாகச் சொல்லும் பொறுப்பைக் கல்யாண வயதில் பிள்ளைகள் இல்லாத ஊருக்குப் போகும் சகபாவிகள் பார்த்துக்கொள்ளட்டும்.