கைகூப்பிச் சாப்பிட்ட குட்டி

நான் ஷிகே, மீன்கடைக்காரி. எனக்கு வாய் நீளம் என்று இந்தத் துறைமுகமே சொல்லும், சொல்லிவிட்டுப் போகட்டும். என் கடைக்கு நேர் மேல்மாடியில் குடியிருந்த தொயோகோவுக்கோ வாயே கிடையாது. ஐம்பதைத் தாண்டியவள். நெத்திலியை அவித்துக் காயவைக்கும் கொட்டகையில் வேலை. படுத்த படுக்கையாகக் கிடந்த அம்மாவைப் பார்த்துக்கொண்டதிலேயே கல்யாண வயசு போயிற்று, கடைசியில் அம்மாவும் போய்ச் சேர்ந்தாள். அதற்குப் பிறகு அந்த வீட்டில் பேச்சுச் சத்தம் கேட்டதில்லை. இது வேண்டும் என்று அவள் யாரிடமும் கேட்டும் நான் பார்த்ததில்லை. எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

ஊர்ப் பூனைக் காப்பகத்தை நடத்தும் மியாகே அம்மாள்தான் முதலில் அவளிடம் குட்டிகளைக் கொண்டுவந்து கொடுத்தாள். தாயை இழந்த, கண்கூடத் திறக்காத குட்டிகள். பாட்டிலில் பால் புகட்டி, ஈரப்பஞ்சால் துடைத்துவிட்டு வளர்க்கவேண்டும். தட்டில் வைத்ததைத் தானாகச் சாப்பிடத் தொடங்கியதும் காப்பகத்துக்குத் திருப்பித் தந்துவிடவேண்டும். கேட்பவர்கள் வந்து கொண்டுபோவார்கள். யாருமே கேட்காத குட்டியை வளர்த்தவளே வைத்துக்கொள்ளலாம். ஆனால் குட்டிப்பூனையை யார் வேண்டாம் என்பார்கள்? சாப்பிடப் பழகினால் போய்விடும், அவ்வளவுதான் கணக்கு. ஒவ்வொரு வசந்தத்திலும் அவள் பழக்கினாள், அவை போயின.

அந்த வருஷம் கடைசியாக மிஞ்சியது ஒரு சாம்பல்நிறக் குட்டி. நோஞ்சான். வால் நுனி மடங்கியிருக்கும், ஒரு கண்ணில் எப்போதும் நீர் வடியும். புதிதாக எடுப்பவர்கள்தான் பெயர் வைப்பார்கள் என்பதால் தொயோகோ அதைச் 'சின்னது' என்றுதான் கூப்பிட்டாள். பாட்டிலை விடவே மாட்டேன் என்றது அது. தட்டை வைத்தால் அதற்குள் நடக்கும், தீனியில் மூக்கை முக்கித் தும்மும், பிறகு பாட்டிலைத் தேடிக்கொண்டு அவள் மடியில் ஏறும்.

ஒரு சாயங்காலம் விற்காமல் நின்ற மீன் ஒன்றை எடுத்துக்கொண்டு மேலே போனேன். தாழ்ந்த மேசையில் அவளுடைய சோறும் குழம்பும், பக்கத்திலேயே பாலில் குழைத்த தீனி ஒரு சின்னத் தட்டில். குட்டியை நெஞ்சோடு ஒரு கையால் பிடித்திருந்தாள். அது திமிறியது.

"பொறு. அவசரப்படக் கூடாது" என்று அதற்குச் சொன்னாள். பிறகு அதன் இரண்டு முன்கால்களையும் தன் கைகளுக்குள் சேர்த்து வைத்துக் கும்பிட்டு, தெளிவாக, "இததாகிமாஸ்" என்றாள். எங்கள் ஊரில் சாப்பாட்டில் கை வைப்பதற்குமுன் எல்லாரும் சொல்வதுதான். சொல்லிவிட்டு, விரலில் கொஞ்சம் தீனியைத் தொட்டு அதன் வாயில் தடவினாள். அது நக்கியது. விரலைத் தட்டுக்குக் கொண்டுபோனாள். விரலைத் தொடர்ந்துபோன நாக்கு தட்டிலேயே நின்றுவிட்டது. ஆகா! சளப் சளப் என்று நக்கியது.

"அடியே, பூனைக்கு எதுக்குடி இந்த மரியாதையெல்லாம்?" என்றேன்.

"அதுக்கு இல்ல அக்கா, எனக்குத்தான்" என்றாள். "அம்மா போனதுலேர்ந்து நான் சொன்னதே இல்ல. தனியா உக்காந்து யாருகிட்ட சொல்றது? இதுங்க வந்தப்புறம்தான் வாயில வருது."

அவள் அத்தனை நீளமாகப் பேசி அன்றுதான் கேட்டேன். "அந்த மடங்கின வாலை யாரும் கேக்க மாட்டாங்க. கவலைப்படாதே" என்றேன். அவள் காதுவரை சிவந்தாள். அது தன்னிடமே தங்கவேண்டும் என்ற ஆசை முகத்தில் எழுதி ஒட்டியதுபோல் தெரிந்தது.

ஆனாலும் அதை யாரோ கேட்டார்கள். நாகசே என்று ஒரு பஸ் டிரைவர், மலைப்பக்கம் தனியாகக் குடியிருப்பவன். இருப்பதிலேயே யாரும் எடுக்காததைக் கொடுங்கள் என்றானாம். நல்லவன்தான், என்ன செய்ய! மியாகே அம்மாள் கூடையோடு வந்தபோது, "இத நானே வச்சுக்கிறேன்னு சொல்லேன்டி. வாயில என்ன கொழுக்கட்டையா இருக்கு?" என்று அவள் காதில் சொன்னேன். அவளோ குட்டியின் கண்ணை ஒருமுறை துடைத்துவிட்டு, கூடைக்குள் வைத்து, குனிந்து வணங்கி அனுப்பிவிட்டாள்.

இரண்டு நாள் கழித்து மியாகே அம்மாள் முகம் வாடிப்போய் என் கடையில் வந்து நின்றாள். தொயோகோ அப்போதுதான் வேலை முடிந்து மீன் வாங்கிக்கொண்டிருந்தாள்.

"அந்தச் சாம்பல் குட்டி அங்க போனதுலேர்ந்து எதையும் வாயில வைக்கல. தட்டு முன்னாடி உக்காந்து அவனையே பாக்குதாம். டாக்டர் உடம்புக்கு ஒண்ணுமில்லங்கறார். அவன் அழாத குறை. நாளைக்கும் சாப்பிடலன்னா உங்க கிட்டயே கொண்டுவந்து விட்டுடறேன் தொயோகோ. அப்படியே வச்சுக்கங்க."

தொயோகோவின் முகம் வெளுத்தது. தட்டு முன்னால் அது எந்த வார்த்தைக்குக் காத்திருக்கிறது என்று எனக்கு விளங்கிவிட்டது. அவளுக்கும் விளங்கிவிட்டது என்பதைப் பார்த்தேன். மியாகே அம்மாள் மீனைப் பார்க்கத் திரும்பியதும் தொயோகோவின் மணிக்கட்டைப் பிடித்தேன்.

"வாயை மூடிக்கிட்டு இரு. நாளைக்கு உன் வீட்டுக்கு வந்துடும்" என்று கிசுகிசுத்தேன்.

"நாளைக்கு வரைக்கும் பசிக்குமே அக்கா" என்றாள்.

அந்த வாயில்லாப் பூச்சி கடை நடுவில் நின்று மியாகே அம்மாளிடம், "என்னை அந்த வீட்டுக்குக் கூட்டிட்டுப் போங்க. இப்பவே" என்றாள். வாழ்க்கையில் அவள் கேட்டு நான் பார்த்த ஒரே காரியம் அதுதான். நானும் கடையைப் பாதியில் இழுத்து மூடிவிட்டு ஓடினேன்.

நாகசேயின் வீட்டில் டி.வி. ஓடிக்கொண்டிருந்தது. ஆறிப்போன நூடுல்ஸ் ஒருபக்கம் இருந்தது. தரையில் தீனி நிறைந்த தட்டு, அதன் முன்னால் வாலைச் சுற்றி உட்கார்ந்த குட்டி. தொயோகோ செருப்பை அவிழ்த்தாள், மண்டியிட்டாள், கைகூப்பினாள். "இததாகிமாஸ்" என்றாள். குட்டி தட்டில் தலையைக் கவிழ்த்தது. உறுமிக்கொண்டே தின்றது. பார்த்துக்கொண்டிருந்த எங்கள் எல்லாருக்கும் கண் கலங்கியது.

"நீங்க சாப்பாட்டுக்கு முன்னாடி சொல்றதில்லயா?" என்று அவனைக் கேட்டாள்.

அவன் தலையைச் சொறிந்தான். "தனியா இருக்கேன். யாருகிட்டம்மா சொல்றது?"

தொயோகோ அவனை நிமிர்ந்து பார்த்தாள். "இதுகிட்டச் சொல்லுங்க" என்றாள்.

ஆனால் அவன் சொன்னதற்கு அந்தக் குட்டிக் கழுதை அசையவில்லை. அவள் குரல்தான் வேண்டியிருந்தது. அதனால் ஒரு ஏற்பாடு செய்தார்கள். சாயங்காலம் பஸ்ஸை விட்டுவிட்டு வந்ததும் அவன் தட்டை வைத்துவிட்டு போன் போடுவான். தொயோகோ தன் சோற்றுக் கிண்ணத்துக்கு முன்னால் காத்திருப்பாள். அவள் சொல்வாள், கூடவே அவனும் சொல்வான். பிறகு இரண்டு பேரும் போனை வைக்காமலே சாப்பிடுவார்கள். அவன் பஸ்ஸில் ஏறிய ஆட்களைப் பற்றி ஏதோ சொல்வான். அவள் சிரிப்பது என் கடைவரை கேட்கும். வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருப்பேன். ஒட்டுக்கேட்பது தப்புதான், யார் இல்லை என்றது! அவளுக்கு நிறம்கூடத் தெளிந்தது.

மழைக்காலம் முடிந்த சமயம், இரண்டு நாளாகச் சிரிப்புச் சத்தம் கேட்கவில்லையே என்று கானாங்கெளுத்தி ஒன்றை வறுத்து எடுத்துக்கொண்டு மேலே போனேன். குழம்பில் ஆவி அடங்கியிருந்தது. போன் கிண்ணத்துக்குப் பக்கத்தில் கிடந்தது. அவள் கையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"என்னடி, அவன் போன் பண்ணலையா?"

"அவர் சொன்னாலே இப்ப சாப்பிடுதாம் அக்கா. முந்தாநாளே சொல்லிட்டார். ரொம்ப நன்றின்னு தழுதழுத்தார்." போனைத் திருப்பிக் கவிழ்த்து வைத்தாள். "நல்ல சேதிதானே?"

"நல்ல சேதிதான்" என்றேன். வேறு என்ன சொல்ல? நீயாவது அவனுக்கு ஒரு போன் போடேன்டி என்று கத்தலாம் போலிருந்தது. கத்தினாலும் போடமாட்டாள். வறுத்த மீனை அவள் முன்னால் நகர்த்தினேன்.

"ஆறிப்போகுது. சாப்பிடு" என்றேன்.

தலையாட்டினாள். கைகூப்பவில்லை. அந்த வார்த்தையையும் சொல்லவில்லை. குச்சிகளை எடுத்துச் சாப்பிட ஆரம்பித்தாள்.