அண்ணனுக்குப் போட்டுக் கொடுத்த சீட் கோட்

போன ஞாயிற்றுக்கிழமை மதியம். சாப்பாடு முடிந்து, பாத்திரம் கழுவி, கூடத்தில் உட்கார்ந்து லேப்டாப்பில் ஜீப் ஓட்டிக்கொண்டிருந்தேன்.

ஆமாம், வீடியோ கேம்தான். கல்லூரியில் கணக்குப் பாடம் எடுக்கிறவள், தலையில் பாதி நரைத்தவள், ஜீப் கேம் ஆடுகிறாளா என்று நினைப்பவர்கள் நினைத்துக்கொள்ளுங்கள். திருத்த வேண்டிய பேப்பர் கட்டு பக்கத்திலேயே இருந்தது. அதுவும் அப்படித்தான் நினைத்திருக்கும்.

தொண்ணூறுகளில் டிவியோடு இணைத்து ஆடுகிற கேசட் கேம் ஞாபகம் இருக்கிறதா? அந்தப் பழைய கேம்களை இன்றைய கம்ப்யூட்டரில் ஓட வைக்க எமுலேட்டர் என்று ஒரு சாஃப்ட்வேர் இருக்கிறது. ஒரு விடுமுறை நாளில் தேடிப் பிடித்து இறக்கிக்கொண்டேன். எங்கள் வீட்டிலிருந்த அதே ஜீப் கேம் கிடைத்தது. அதே பச்சை ஜீப், அதே பாலங்கள், கடைசியில் அதே கோட்டை, கோட்டை வாசலில் அதே பெரிய பீரங்கி.

கூடவே ஒரு வசதியும் கிடைத்தது. சீட் கோட்! மெனுவுக்குள் போய் ஒரு கட்டத்தில் டிக் அடித்தால் போதும். ஜீப் எத்தனை தடவை வெடித்துச் சிதறினாலும் லைஃப் குறையாது. திரும்பத் திரும்ப எழுந்து வந்து ஓட்டிக்கொண்டே இருக்கலாம்.

நான் டிக் அடித்துவிட்டுத்தான் ஆடுவேன். கூச்சமே இல்லாமல்.

அன்றைக்கு என் அண்ணன் வந்திருந்தான். சென்னையில் இருக்கிறான். மறுநாள் திங்கட்கிழமை திருத்துறைப்பூண்டி சார்பதிவாளர் அலுவலகத்தில் எங்களுக்கு ஒரு வேலை இருந்தது. அப்பா உயில் எழுதாமல் போய்ச் சேர்ந்தவர். ஊர் வீடும் ஆறு மா, அதாவது இரண்டு ஏக்கர், நிலமும் அம்மா, அண்ணன், நான் மூன்று பேருக்கும் பொது. அம்மாவும் நானும் எங்கள் பங்கை அண்ணனுக்கு விட்டுக்கொடுத்து விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட வேண்டும். கையெழுத்துப் போட எப்போது வருகிறாய் என்று போனில் கேட்டான், சரி, வருகிறேன் என்று சொல்லியிருந்தேன். சண்டை போட எனக்குத் தெம்பில்லை என்பதுதான் காரணம். பெருந்தன்மை என்று யாரும் தப்பாக நினைத்துவிட வேண்டாம்.

அம்மா என்னோடுதான் இருக்கிறார். மூட்டு ஆபரேஷனுக்காகத் தஞ்சாவூருக்கு அழைத்து வந்தேன். அப்படியே தங்கிவிட்டார்.

அண்ணன் கை துடைத்துக்கொண்டே வந்து என் தோளுக்கு மேலே எட்டிப் பார்த்தான்.

"ஏய்... நம்ம ஜீப் கேம்!"

முகமெல்லாம் சிரிப்பு. எனக்கும் ஒரு கணம் சந்தோஷமாகத்தான் இருந்தது. அடுத்த நிமிடம் ஜீப் வெடித்தது. மூலையில் லைஃப் எண்ணிக்கை அசையவே இல்லை. அவன் கண்ணுக்கு அது தப்புமா?

"என்னா மலரு, லைஃப் குறையவே மாட்டேங்குது?"

"சீட் கோட் போட்டிருக்கேன்ணே."

"அடச்சீ! அப்புறம் என்னா ஆட்டம் இது? கஷ்டப்பட்டு, செத்துச் செத்து கத்துக்கிட்டு ஜெயிக்கணும். அதுலதான இருக்கு எல்லாம். சும்மா கெடைக்கிறதுல என்னா இருக்கு?"

சொன்னவன் யார் என்று யோசித்துப் பாருங்கள். மறுநாள் காலையில் எதற்காகக் கிளம்பப் போகிறோம் என்றும் யோசித்துப் பாருங்கள். நான் அப்போது யோசிக்கவில்லை. பழக்கம்!

நாங்கள் வளர்ந்த கதையைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். அந்த டிவி கேமை அப்பா வாங்கி வந்தது எங்கள் இருவருக்கும்தான். ஆனால் அடாப்டர் பின் லூஸ். யாராவது விரலால் அழுத்திப் பிடித்துக்கொண்டே இருந்தால்தான் திரையில் படம் நிற்கும். அந்த யாராவது — நான். சுவரோரம் குந்திக்கொண்டு, பின்னை அழுத்தியபடி, அண்ணன் ஆடுவதைப் பக்கவாட்டில் பார்ப்பேன். "ஒரு லைஃப் போனதும் உனக்கு" என்பான். ஒன்று போகும். "அடுத்தது" என்பான். எல்லாம் போய் ஒன்றே ஒன்று மிச்சமிருக்கும்போது, பீரங்கி சுட்டுக்கொண்டிருக்கும் இடத்தில் ஜாய்ஸ்டிக் என் கைக்கு வரும். தொட்டவுடன் ஜீப் காலி.

"பாத்தியா, ஒனக்கு ஆடத் தெரியல."

எப்படித் தெரியும்?

அழுதுகொண்டு அடுப்படிக்கு ஓடினால், அம்மாவிடம் ஒரே பதில் தயாராக இருக்கும். "அவன் ஆடட்டும்டி. நீ செத்த நேரம் இங்க வந்து வெங்காயத்த உரி."

சரி, ஞாயிற்றுக்கிழமைக்கு வருவோம். அண்ணன் லேப்டாப்பைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டான். "சீட் கோட எடு. எப்படி ஆடணும்னு காட்டுறேன்."

எடுத்தேன்.

முதல் பாலத்திலேயே ஜீப் வெடித்தது. "கீபோர்டு புதுசுல்ல" என்றான். இரண்டாம் முறையும் அதே பாலம். "உன் லேப்டாப்பு ஸ்லோ." அதற்கப்புறம் பாலத்தைத் தாண்டினான், ஆற்றில் விழுந்தான். காது மடல் சிவந்துவிட்டது. சின்ன வயதிலும் தோற்றால் அப்படித்தான் சிவக்கும். ஆனால் அப்போது அவன் தோற்பது அபூர்வம்.

கடைசியில், திரையைவிட்டுக் கண்ணை எடுக்காமல், குரலைக் கொஞ்சம் தணித்துக்கொண்டு கேட்டான்.

"அந்த... லைஃப் குறையாம இருக்குமே, அது எங்க இருக்கு?"

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "இப்பதான வேணாம்னே?"

"சும்மா கோட்டை வரைக்கும் பாத்துட்டு நிறுத்திர்றேன். போடு."

"என் ஆட்டத்தப் பாதியில சேவ் பண்ணி வச்சிருக்கேண்ணே. நான் முடிச்சிட்டுத் தர்றேன்."

உள்ளே கட்டிலில் படுத்திருந்த அம்மா, நாங்கள் பேசியதையெல்லாம் கேட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறார்.

"அவன் ஆடட்டும்டி" என்றார். "என்னைக்கோ ஒரு நாள் வர்றான்."

டிக் அடித்துக் கொடுத்தேன். அதன் பிறகு கேட்க வேண்டுமா? ஜீப் வெடித்தது, எழுந்தது, வெடித்தது, எழுந்தது. கோட்டை வந்தது. பீரங்கி உடைந்தது. வானவேடிக்கை, வாழ்த்துச் செய்தி எல்லாம் வந்தது. அண்ணன் தொடையில் தட்டிக்கொண்டான்.

"பாத்தியா? டச் விட்டுப் போகவே இல்ல!"

நான் ஏதோ கிண்டலாகச் சொல்கிறான் என்றுதான் நினைத்தேன். அவன் போனை எடுத்துத் திரையைப் படம் பிடித்தான். பள்ளிக்கூட நண்பர்களின் வாட்ஸப் குரூப்பில் போட்டான். 'அப்பவும் சாம்பியன், இப்பவும் சாம்பியன்' என்று கீழே ஒரு வரி. கைதட்டல் பொம்மைகள் ஒவ்வொன்றாக வந்து விழ, என்னிடமே நீட்டிக் காட்டினான்.

அவன் பொய் சொல்லவில்லை. அதுதான் என்னை உலுக்கிவிட்டது. அவன் உண்மையாகவே நம்பினான். டிக் அடித்துக் கொடுத்தது நான். அடித்துக் கொடுத்த என் கையைக்கூட அவன் பார்க்கவில்லை.

திங்கட்கிழமை காரில் கிளம்பினோம். அம்மா முன் சீட்டில், நான் பின்னால். மன்னார்குடி தாண்டியதும் இரண்டு பக்கமும் நடவு முடிந்த வயல். அண்ணன் வண்டியை மெதுவாக ஓட்டிக்கொண்டே, "என்ன இருந்தாலும் நம்ம மண்ணு மண்ணுதாம்மா" என்று உருகினான்.

அந்த மண்ணில் விளைந்த நெல்லைக் கொள்முதல் நிலையத்தில் கொட்டி வைத்துவிட்டு, மழை இருட்டிக்கொண்டு வரும்போது படுதாவை இழுத்து மூடியவள் நான். கல்லூரிக்கு லீவு போட்டுவிட்டு, பஸ் பிடித்துப் போய். அண்ணனும் உதவாமல் இல்லை. சென்னையிலிருந்து போன் செய்வான். "ஈரப்பதம் எவ்வளவு இருக்காம்?"

அலுவலகத்தில் எல்லாம் தயாராக இருந்தது. பத்திரம் எழுதுகிறவர் தயார். சாட்சிக்கு ஊரிலிருந்து வந்த இரண்டு பேர் தயார். எல்லோருக்கும் டீ வாங்கிக் கொடுத்து, "தங்கச்சி தங்கமான பொண்ணுங்க" என்று அண்ணன் என்னைப் பற்றிப் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தான்.

முதலில் அம்மாவைக் கூப்பிட்டார்கள். சார்பதிவாளர் கேட்டதற்கெல்லாம் அம்மா வேகமாகத் தலையாட்டினார். அடுத்து நான்.

சார்பதிவாளர் ஒரு பெண். என் வயதுதான் இருக்கும். பத்திரத்தைப் புரட்டிக்கொண்டே கேட்டார்.

"உங்க பங்க முழுசா விட்டுக்குடுக்குறீங்க. படிச்சுப் பாத்தீங்களா? யாரும் வற்புறுத்தலையே? சம்மதந்தானே?"

எல்லோரிடமும் கேட்கிற கேள்விதான். தினமும் எத்தனை பேரிடம் கேட்டிருப்பாரோ. ஆனால் பாருங்கள், என் வாழ்க்கையில் அந்தக் கேள்வியை என்னிடம் கேட்ட முதல் ஆள் அவர்தான்.

"இல்லைங்க" என்றேன்.

என் குரல்தானா என்று எனக்கே சந்தேகம்.

அவர் நிமிர்ந்தார். "என்னங்க?"

"சம்மதம் இல்லைங்க. நான் கையெழுத்துப் போடல."

பின்னால் அண்ணன் குரல். "மலரு, என்னா வெளையாட்டு இது?"

சார்பதிவாளர் பத்திரத்தை மூடிப் பத்திரம் எழுதுகிறவர் பக்கம் தள்ளினார். "இத இப்படியே பதிய முடியாதுங்க. வீட்ல பேசி முடிவு பண்ணிட்டு வாங்க." அடுத்த ஆளைக் கூப்பிட்டுவிட்டார். அவ்வளவுதான். சினிமாவில் வருவதுபோல் ஒன்றும் இடி இடிக்கவில்லை.

வெளியே, புங்கமரத்தடியில், அண்ணன் பிடித்துக்கொண்டான்.

"முன்னாடியே சொல்லியிருக்கலாம்ல?"

"முன்னாடி நீ கேக்கலியேண்ணே. கையெழுத்துப் போட எப்ப வர்றேன்னுதான கேட்டே?"

"ஒனக்கு நகை போட்டு, சீர் செஞ்சு, எல்லாம் பண்ணித்தான கட்டிக்குடுத்தோம்?"

"அப்ப நீ வேலை தேடிக்கிட்டிருந்தேண்ணே. செஞ்சது அப்பா. ஒன் படிப்புக்கும் அப்பாதான் செஞ்சாரு. அத யாரும் கணக்குல எழுதலியே?"

"எல்லாத்தையும் நானாத்தான் பாத்துக்கிட்டிருக்கேன்..."

"எதண்ணே பாத்துக்கிட்டே?"

நான் ஏதோ அபாண்டம் பேசிவிட்டது போல, அடிபட்ட முகத்தோடு நின்றான். அவனைப் பார்க்கப் பாவமாகக்கூட இருந்தது. ஒரு தடவைகூட லைஃப் குறையாமலேயே ஆடிப் பழகியவனுக்கு, முதல் தடவை எண்ணிக்கை ஒன்று இறங்கினால் அநியாயமாகத்தானே தெரியும்?

சீட் கோட் போடுவது தப்பா, சரியா என்று இணையத்தில் பக்கம் பக்கமாகச் சண்டை போடுகிறார்கள். ஆட்டத்தின் ருசியே போய்விடும் என்கிறார்கள். இருக்கலாம். ஆனால் நான் பார்த்தவரை, அதைத் திட்டுகிறவர்களில் பலர் பிறந்ததிலிருந்து டிக் அடித்த கட்டத்தோடுதான் ஆடிக்கொண்டிருக்கிறார்கள். மெனுவைத் திறந்து பார்க்கிற அவசியமே அவர்களுக்கு வந்ததில்லை.

அம்மா காரில் ஏறாமல் நின்றார்.

"ஊரு சிரிக்க வச்சுட்டா. இனிமே இவ வீட்டு வாசப்படி மிதிக்க மாட்டேன். என்னைய ஒங்கூடவே அழைச்சுக்கிட்டுப் போயிருடா."

அண்ணன் கார் சாவியைக் கைமாற்றிக் கைமாற்றிப் பிடித்துக்கொண்டான்.

"அதுக்கென்னாம்மா... புள்ளைகளுக்குப் பரீட்சை வருது. வீடும் சின்னது. முடியட்டும், பாத்துக்கிட்டு சொல்றேன்."

அம்மா அவனைப் பார்த்தபடியே நின்றார். நான் வேறு பக்கம் திரும்பிக்கொண்டேன். கோபத்தையெல்லாம் தாண்டி, அந்த முகத்தை நான் பார்க்கக் கூடாது என்று தோன்றியது. பிறகு அம்மா மெதுவாகக் காலைத் தூக்கி வைத்து, பின் சீட்டில், என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். கண்ணாடிப் பக்கம் ஒட்டிக்கொண்டு.

எங்களை வாசலில் இறக்கிவிட்டு, தண்ணீர்கூடக் குடிக்காமல் அண்ணன் கிளம்பிவிட்டான். அன்று சாயங்காலமே குடும்ப வாட்ஸப் குரூப்பிலிருந்து என்னை நீக்கிவிட்டான். அட்மின் அவன்தான். வேறு யார்?

ஜெயித்த மாதிரி இருக்கிறதா என்று கேட்டீர்களானால்... இல்லை. ஒரு அண்ணன் இருந்தான், இப்போது இருக்கிறானா என்று தெரியவில்லை. ஊர் வீட்டில் எனக்கு மூன்றில் ஒரு பங்கு இருக்கிறது, அதில் கால் வைத்தால் யார் 'வாங்க' என்று கூப்பிடுவார்கள் என்று தெரியவில்லை. லேப்டாப்பைத் திறந்து, மூடி வைத்துவிட்டு, பேப்பர் மட்டும் திருத்தினேன்.

அம்மா இன்னும் என்னோடு பேசவில்லை. வைக்கிற இடத்தில் சாப்பிடுகிறார். மாத்திரையைக் கையில் கொடுத்தால் வாங்கிக்கொள்கிறார். முழங்காலுக்குத் தைலம் தேய்க்கும்போது சுவரைப் பார்த்துக்கொள்கிறார்.

இன்று காலை எதிர் வீட்டு அக்கா வாசலில் நின்று கூப்பிட்டார். முகத்தில் சங்கடம். "தப்பா நெனச்சுக்காதீங்க மலரு... சாம்பார்ல உப்பு இல்லன்னு ஒங்க அம்மா ஒங்ககிட்ட சொல்லச் சொன்னாங்க."

உப்புப் போட்டேன். கையெழுத்துத்தான் போடவில்லை.