வாய் திறந்த கத்தரிக்கோல்

அம்மாவை அடக்கம் செய்யும் சனிக்கிழமை நெருங்கிக்கொண்டிருந்தது. கானாவின் குமாசி நகரில் பூட்டிக் கிடந்த அம்மாவின் எம்பிராய்டரி கடையைச் செர்வா திறந்தாள். கம்ப்யூட்டரைப் போட்டு, எம்பிராய்டரி புரோகிராமைத் தொட்டாள். திரையில் ஒரு சின்னப் பெட்டி எழுந்தது. ஒரு டி.எல்.எல். ஃபைலைக் காணோமாம். புரோகிராம் தொடங்காதாம்.

அம்மா இருந்திருந்தால் சும்மா விட்டிருக்க மாட்டாள். எந்தப் பிழைச் செய்தி வந்தாலும் திரையோடு சண்டைக்கு நிற்பாள். "என் கடையில நின்னுக்கிட்டு என்கிட்டயே இல்லைங்கிறியா?" என்று திட்டிவிட்டு, அக்ராவில் வேலையிலிருக்கும் மகளுக்கு போன் போடுவாள். எழுத்தெழுத்தாகப் படித்துக் காட்டுவாள். சரியாகும்வரை போனை வைக்க மாட்டாள்.

செர்வாவின் அம்மா அகோசுவா டூஃபியே அப்படித்தான் வாழ்ந்தாள். தேமா துறைமுகத்தில் பழைய எம்பிராய்டரி மெஷினை விலை பேசியபோது, விற்றவன் அவளை மேலும் கீழும் பார்த்தான். "ஓட்டப்போறது யாரும்மா? வீட்டுக்காரரா?"

"அவருக்கு ஊசியில நூல் கோக்கவே வராது. நீ மெஷினை வண்டியில ஏத்து."

யாரும் அவளுக்குச் சொல்லித்தரவில்லை. ஒவ்வொரு பட்டனாக அழுத்திப் பார்த்தாள். துணிகள் பாழாயின. அப்புறம் மெஷின் அவள் சொன்னபடி கேட்டது. அந்த வட்டாரத்தில் யார் செத்தாலும், உறவினர் உடுத்தும் கறுப்புத் துணியில் ஓடுவது அவள் போட்ட தையலாகத்தான் இருக்கும்.

படுக்கையில் விழுவதற்கு முன், தன் சாவுக்கு உறவினர் உடுத்தும் துணிக்கும் அவளே வடிவம் போட்டு வைத்தாள். வாய் திறந்த கத்தரிக்கோல். குடும்பத் தலைவரான அண்ணன் என்சியா பதறிப்போனார்.

"துக்கத் துணியில கத்தரிக்கோலா? உறவு அறுந்துபோச்சுன்னு ஊர் பேசும். எல்லாரும் போடுற ராஜ முத்திரையையே போடு."

"பேசட்டும். நான் வெட்டித்தான் பிழைச்சேன். என் சாவுக்கு ராஜ முத்திரை எதுக்கு? நான் என்ன ராணியா?"

அந்த வடிவத்தை இந்தக் கம்ப்யூட்டரில் இருந்த இந்தப் புரோகிராம் மட்டுமே திறக்கும். வேறு கடையில் வேறொருவர் கத்தரிக்கோல் வரையலாம். அது அம்மாவின் கை ஆகாது.

மதியம் என்சியா மாமா வந்தார். கூடவே பெரியம்மா மகன் ஒபோக்கு. அவன் அதே கடையின் மூலையில் துக்கப் போஸ்டர் அடித்துக்கொண்டிருந்தவன். பெரியம்மா மகன்தான் என்றாலும், டூஃபியேயை அவனும் அம்மா என்றுதான் கூப்பிடுவான்.

"இன்னும் இந்தப் பொட்டி முன்னாடியா உக்காந்திருக்க? முத்திரை போட்ட துணி சந்தையில ரெடியா இருக்கு பொண்ணே. வாங்கிட்டுப் போவோம்."

"வேண்டாம் மாமா."

"செத்தவளுக்குக் கம்ப்யூட்டர் எதுக்கு?"

"செத்தவ சொன்னதைச் செய்யறதுக்கு."

"அப்படியே அவ வாய்!" என்று மாமா நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார்.

ஒபோக்கு மெல்லச் சொன்னான். "ஃபார்மட் பண்ணிடலாம்க்கா. புதுசா விண்டோஸ் போட்டா எல்லாம் சரியாயிடும்."

"இந்தப் புரோகிராம் திரும்ப வராதுடா. செஞ்ச கம்பெனியே இப்ப இல்ல. யார்கிட்ட போய்க் கேப்ப?"

"அப்ப இதைப் போட்டுப் பாரு." ஒரு பென் டிரைவை நீட்டினான். "நீ போன்ல சொன்ன ஃபைல் பேரை நெட்ல தேடினேன். சும்மாவே கிடைச்சுது."

"யார் குடுத்தா?"

"தெரியல. பேரு அதேதான்."

"இந்த ஊர்ல எத்தனை ஒபோக்கு இருக்கான்? பேரு ஒண்ணுன்னு எல்லாரையும் வீட்டுக்குள்ள விட்டுடுவியா?"

மாமா வாய்விட்டுச் சிரித்தார். அந்த வாரத்தில் அவர் சிரித்தது அப்போதுதான்.

செர்வா சிரிக்கவில்லை. "நான் வர்றதுக்கு முன்னாடி இதுல யார் கை வச்சீங்க?"

ஒபோக்குவின் முகம் மாறியது. குடும்பம் கூடிச் சொத்தைப் பேசுவதற்கு முன், இறந்தவரின் இடத்தில் அவரவர் வைத்திருந்ததை அவரவர் எடுத்துக்கொள்ள வேண்டும். அதுதான் முறை. அதன்படி அவன் முன்பே வந்து தன் பிரிண்டரை எடுத்தான். மேசையை எடுத்தான். கம்ப்யூட்டரில் தான் போட்டிருந்த போஸ்டர் புரோகிராமையும் நீக்கினான்.

"என்னோடது மட்டும்தான்க்கா எடுத்தேன். அம்மாவோட எதையும் தொடல. சத்தியமா."

"நீக்கும்போது ஏதாவது கேட்டுச்சா?"

"கேட்டுச்சு. இந்த ஃபைலெல்லாம் பொது, இப்ப யாரும் பயன்படுத்தல போல, எடுத்துடவான்னு. என் குப்பை எதுக்கு இங்க கிடக்கணும்னு எல்லாத்துக்கும் ஆமான்னு அழுத்திட்டேன்."

செர்வா கண்ணை மூடித் திறந்தாள்.

"மாமா, நம்ம குடும்ப வீட்டு முற்றத்துல ஒரே உரல்தானே? ஃபூஃபூவுக்குக் கிழங்கு இடிக்க எல்லா அடுப்படியும் அங்கதான வருது? இதுவும் அப்படித்தான். எல்லாப் புரோகிராமும் தனித்தனியா உரல் வச்சுக்காது. பொதுவா ஒண்ணு இருக்கும். யார் யார் இடிக்கிறாங்கன்னு விண்டோஸ் ஒரு கணக்கு வச்சிருக்கும். அம்மாவோட புரோகிராம் பழசு. கணக்குல பேர் சொல்லாமலே இடிச்சுக்கிட்டு இருந்திருக்கு."

"உன் அம்மா புரோகிராம் வேற எப்படி இருக்கும்!" என்றார் மாமா. பிறகு ஒபோக்குவின் பக்கம் திரும்பினார். "ஆக, நீ உரலைத் தூக்கிட்டுப் போயிட்ட."

"போகும்போது முற்றத்தைச் சுத்தம் பண்ணிட்டுப் போறதா நெனச்சேன் மாமா."

உரல் போனால் வழிப்போக்கனிடம் கேட்டு வாங்க முடியாது. செய்தவரிடமே போக வேண்டும். அந்த ஃபைல் வரும் தொகுப்பை, அதை வெளியிட்டவர்களின் தளத்திலிருந்தே செர்வா போன் இணைப்பில் இறக்கினாள். நிறுவினாள். கம்ப்யூட்டரை அணைத்துப் போட்டாள்.

அதே பெட்டி எழுந்தது.

"படிப்பு இவ்வளவுதானா?" என்று மாமா எழுந்தார். "வா, சந்தைக்குப் போவோம்."

"உக்காருங்க மாமா!"

அந்தக் குரல் யாருடையது என்று மூவருக்கும் தெரிந்தது. மாமா உட்கார்ந்தார்.

செர்வா திரையை முறைத்தாள். பிறகு தன் தலையிலேயே குட்டிக்கொண்டாள். கம்ப்யூட்டர் புதிய அறுபத்துநான்கு பிட் வகை. கண்ணீரோடு பார்த்தவள் அதற்கான தொகுப்பைப் போட்டிருந்தாள். அம்மாவின் புரோகிராமோ பழைய முப்பத்திரண்டு பிட் வகை. பார்க்க வேண்டியது புரோகிராமின் வயதை, கம்ப்யூட்டரின் வயதை அல்ல. அலுவலகத்தில் புதிதாக வருகிறவர்களுக்கு அவள் சொல்லும் முதல் பாடமே அதுதான்.

முப்பத்திரண்டுக்கான தொகுப்பை நிறுவினாள். புரோகிராமைத் தொட்டாள். பெட்டி எழவில்லை. சாம்பல் கட்டங்களுக்கு நடுவே, சிவப்பு நூலில் ஒரு கத்தரிக்கோல் வாயைத் திறந்துகொண்டு நின்றது. ஒரு பிடி மற்றதைவிடப் பெரிது. அம்மாவின் தேய்ந்துபோன கத்தரிக்கோலேதான்.

ஒபோக்கு சத்தமில்லாமல் கறுப்புத் துணியைச் சட்டத்தில் இழுத்து மாட்டினான். ஊசி இறங்கத் தொடங்கியது.

சனிக்கிழமை பந்தலின் முன்வரிசையில் என்சியா மாமா உட்கார்ந்திருந்தார். தோளில் சுற்றிய துணியெங்கும் சிவப்புக் கத்தரிக்கோல்கள். கைகுலுக்க வந்த பெரியவர் ஒருவர் நின்று உற்றுப் பார்த்தார்.

"என்னய்யா இது? துக்கத்துல போய்…"

"என் தங்கச்சியோட கத்தரிக்கோல்," என்றார் மாமா, அவர் கையை விடாமலே. "உனக்கு என்ன இப்ப?"