பெரியம்மா செய்த குற்றம்

எங்கள் குடும்பத்தின் மூத்த பிள்ளையாக வேலணையில் பிறந்த அண்ணா, ஐயா காலமானதும் படிப்பை விட்டுவிட்டு எங்களை ஆளாக்கினார். கொழும்புக் கலவரத்தில் கடை எரிந்தபின் சுவிஸுக்கு வந்து அகதி வழக்குப் பதிந்தார். எங்கடின் மலைப் பள்ளத்தாக்கில் ஒரு ஹோட்டலில் சட்டி கழுவினார். அதிர்ந்து கதைக்கத் தெரியாத மனிதர்.

அவரைக் கோபக்காரராக்கியது பெரியம்மாவின் கதை. யாரும் அறை தராதபோது தம் வீட்டு மாடியைத் திறந்துவிட்ட சுவிஸ் மூதாட்டியைத்தான் அண்ணா பெரியம்மா என்றழைத்தார். உலகப்போர்க் காலத்தில் மலை தாண்டி ஓடிவந்த யூதர்களைத் திருப்பி அனுப்பும்படி கட்டளை இருந்தது. பெரியம்மாவோ ஒரு யூதக் குடும்பத்தைத் தம் வைக்கோல் பரணில் ஒளித்துவைத்தார். ஊரே கூடிக் காத்தது. பேக்கரிக்காரர் பாண் கொடுத்தார். பாதிரியார் குழந்தைக்குக் கம்பளிச்சட்டை கொண்டுவந்தார். அவர்கள் பத்திரமாக வேறிடம் சேர்ந்தபின் விஷயம் வெளியே வந்தது. "இஞ்சை ஒருத்தருக்கும் ஒண்டும் தெரியாது, எல்லாம் நான்தான்" என்று பொலிசிடம் சொல்லிப் பெரியம்மா தனியே மறியலுக்குப் போய்ச் சிறையிருந்தார்.

குற்றமாம்! குளிரில் நடுங்கி வந்த பிள்ளைக்குப் பால் காய்ச்சிக் கொடுத்தது குற்றமாம்! அந்தத் தீர்ப்பு இன்றுவரை அழிக்கப்படவில்லை. வெட்கமில்லையா இவர்களுக்கு?

அதை அழிக்கக் கேட்டு அண்ணா அரசாங்க அலுவலகத்துக்குக் கடிதம் எழுதினார். எங்கள் சொந்தங்களே அவரை ஏசினார்கள்.

"உன்ர வழக்கே முடியேல்லை. வெள்ளைக்காரியின்ர வழக்கு உனக்கேன்?"

"என்னை உள்ளுக்கு விடேக்கை மனிசி என்னட்டை விசாக் கடதாசி கேட்டதோ?" என்றார் அண்ணா. திரும்பவும் எழுதினார்.

மாரடைப்பு வந்து ஆஸ்பத்திரியில் கிடந்த கடைசி நாட்களிலும், "பதில் வந்ததோ?" என்றுதான் என்னைக் கேட்டார். செத்தவீடு முடிந்த மறுநாள் பதில் வந்தது. அன்றைய சட்டப்படி தீர்ப்புச் சரியாம். பெரியம்மா வாசித்துவிட்டு மடித்துவைத்தார். "அவன் இதைப் பாக்காமல் போனது நல்லது" என்றார்.

"மறியலுக்குப் போன மனிசியைப் பற்றி அண்ணாவின்ர நினைவு மலரில எழுதாதை பிள்ளை" என்று உறவினர் ஒருவர் இப்போது எனக்குப் புத்தி சொல்கிறார். எழுதிவிட்டேன்.

அண்ணாவைப் பராமரித்த வைத்தியர்களுக்கும், தேவாரம் பாடியவர்களுக்கும், சவப்பெட்டி தூக்கிய ஹோட்டல் நண்பர்களுக்கும் எங்கள் நன்றி. பெரியம்மாவுக்கு வெறும் நன்றி போதாது. அடுத்த கடிதத்தை நானே எழுதி, இந்த முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி மண்டபத்தின் வாசல் மேசையில் வைத்திருக்கிறேன். சாப்பிட இருக்கமுன் எல்லோரும் கையெழுத்துப் போடுங்கள். தங்கள் வழக்குக் கெட்டுவிடும் என்று பயப்படுகிறவர்கள் போடவேண்டாம். மேசைக்குப் பக்கத்துக் கதிரையில் பெரியம்மா இருக்கிறார். அவரிடமே அதைச் சொல்லிவிட்டுச் சாப்பிடப் போங்கள்.